பழைய ருசியைப் பிடித்துத் தருகிறோம் என்று வருபவர்களிடம் பாத்திரத்தைக் கொடுத்துவிடாதீர்கள்

பெருந்துறை, காங்கேயம், கோபி பக்கம் இருக்கிறவர்கள் இதைக் கொஞ்சம் முழுசாகப் படியுங்கள். "மறைந்துபோன பெரியவர்களின் கைருசியை அப்படியே நாக்குக்குக் கொண்டுவருகிறோம்" என்று ஒரு கருவியைத் தூக்கிக்கொண்டு ஆட்கள் வருகிறார்கள். எங்கள் வீட்டுக்கு அம்மிச்சியின் (அம்மாவைப் பெற்றவர்) கருமாதி முடிந்த கையோடு வந்தார்கள். அம்மாவிடம் முன்பணம் 15,000 ரூபாய் வாங்கினார்கள். அம்மிச்சி புழங்கிய வெண்கலப் பானையையும் ஈயச் சொம்பையும்கூட வாங்கிப் போனார்கள். இப்போது பணமும் இல்லை, பாத்திரமும் இல்லை.

அவர்கள் சொன்ன கதை இதுதான். வருசக்கணக்காக ஒரே பாத்திரத்தில் சமைத்தால் அந்த ருசி உலோகத்தில் படிந்திருக்குமாம். கருவி அதைப் படித்து, வேண்டிய நாளின் ருசியைத் தனியாகப் பிரித்துத் தருமாம். கொடுமணலில் தோண்டி எடுத்த பானைகளிலேயே பழைய சாப்பாட்டின் தடம் இருக்கும்போது உங்கள் வீட்டுப் பானையில் இருக்காதா என்று கேட்டார்கள். ஜப்பானில் ஒரு பேராசிரியர் திரையை நக்கி ருசி பார்க்கிற வீடியோவையும் போனில் காட்டினார்கள். நம்ம ஊர்ப் பேரையும் வெளிநாட்டு ஆராய்ச்சியையும் சேர்த்துச் சொன்னால் யாருக்குத்தான் நம்பிக்கை வராது?

கருவி என்பது ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் பெட்டி. அதிலிருந்து ஒயர் போன ஒரு கரண்டி. கரண்டியின் அடியில் இரண்டு உலோகப் பட்டை. பக்கத்தில் சின்னச் சின்னக் குப்பிகள். ருசி காட்டுவதற்கு முன்னால் ஒரு மணி நேரம் உட்கார்ந்து கேள்வி கேட்டார்கள். எந்தச் சாப்பாடு வேண்டும், அதில் என்னென்ன போடுவார்கள், விறகடுப்பா, அம்மியா ஆட்டாங்கல்லா, உப்பு தூக்கலா இருக்குமா என்று எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார்கள். அம்மா கேட்டது கொள்ளுப்பருப்பு. கொள்ளை லேசாக வறுத்து, வேகவைத்து, தண்ணீரை ரசத்துக்கு வடித்துவிட்டு, சீரகம், பூண்டு, வரமிளகாய், சின்ன வெங்காயம் சேர்த்து ஆட்டாங்கல்லில் ஆட்டியெடுப்பார் அம்மிச்சி. புளி ஒரு பொட்டுக்கூடச் சேர்க்க மாட்டார்.

கரண்டியை வாயில் வைத்தபோது அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. "ஆமாங்க, அதேதானுங்க" என்றார். நானும் வைத்துப் பார்த்தேன். உப்பும் பூண்டு வாசமும் இருந்தன, நாக்கில் லேசாகச் சுருக்கென்றது. வறுத்த கொள்ளின் அந்த மண்வாசம் இல்லை. ஆனால் அம்மாவின் முகத்தைப் பார்த்தபின் அதைச் சொல்ல வாய் வரவில்லை.

அடுத்த தடவை மாமாவும் கூட இருந்தார். அவருக்கு ஆரம்பத்திலிருந்தே சந்தேகம். அவர்கள் கேள்வி கேட்டபோது, "எங்கம்மா கடைசியா ஒரு துண்டு வெல்லம் போடுவாங்க" என்று வேண்டுமென்றே சொல்லி வைத்தார். அம்மா ஏதோ சொல்ல வந்தார். "அக்கா, நீ கொஞ்சம் சும்மா இரு" என்று அடக்கிவிட்டார். சிறிது நேரம் கழித்துக் கரண்டி வந்தது. இனித்தது! அம்மிச்சி ஆயுசில் கொள்ளுப்பருப்புக்கு வெல்லம் போட்டதே இல்லை. பானைதான் ருசியைச் சொல்கிறது என்றால் பானைக்கு அந்த வெல்லம் எங்கிருந்து வந்தது? மாமா அதைத்தான் கேட்டார். "சிக்னல் கலந்துபோச்சுங்க, லேப்ல வெச்சுச் சரிபண்ணணும்" என்று சொல்லி, பாத்திரங்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். அதற்கப்புறம் போன் எடுக்கவில்லை. ரசீதில் இருந்த முகவரிக்குப் போய்ப் பார்த்தால் பூட்டிய கடை.

அவர்கள் காட்டிய வீடியோ பொய்யில்லை. டோக்கியோ மெய்ஜி பல்கலைக்கழகத்தின் ஹோமெய் மியாஷிதா 2021இல் அப்படி ஒரு திரையை உண்மையாகவே செய்து காட்டினார். ஆனால் அது குப்பிகளில் நிரப்பிய சுவைச் சாறுகளைத் தெளித்து, கலந்து தரும் கருவி. மின்சாரத்தால் உப்புச் சுவையைக் கூட்டுகிற கரண்டிகூட 2024இல் ஜப்பானில் விற்பனைக்கு வந்துவிட்டது. அது தட்டில் இருக்கிற உணவின் உப்பைத்தான் தூக்கிக் காட்டும். மின்னணு நாக்கு என்கிறார்களே, அதுவும் எதிரில் இருக்கிற திரவத்தைத்தான் அளக்கும். என்றைக்கோ தின்று முடித்ததை எடுத்துத் தர எதனாலும் ஆகாது.

மண்பானைக் கதையும் அப்படித்தான். மெருகு பூசாத மண்பானை கொழுப்பை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். அதைக் கொண்டு பாலா, இறைச்சியா என்று ஆய்வாளர்கள் ஓரளவு சொல்வார்கள். ருசியைச் சொல்ல மாட்டார்கள். வெண்கலம் அப்படி உறிஞ்சுவதும் கிடையாது. புளி போட்டுத் தேய்த்துத் தேய்த்துப் பளபளவென்று வைத்திருந்த பானையில் என்ன மிச்சமிருக்கும்? அதுபோக, நாம் ருசி என்று சொல்வதில் பெரும்பங்கு மூக்கு. நாக்குக்குத் தெரிவது இனிப்பு, புளிப்பு, உப்பு, கசப்பு, உமாமி இவ்வளவுதான். மூக்கிலோ சுமார் 400 வகை வாசனை ஏற்பிகள் இருக்கின்றன. கொள்ளு வறுபடும் வாசம் ஐந்தாறு குப்பியில் அடங்காது.

எனக்கு ஆத்திரம் பணத்துக்காக இல்லை. கழுத்தில் புள்ளி புள்ளியாக அம்மிச்சியின் பெயர் வெட்டிய பானை அது, அவர் சீராகக் கொண்டுவந்தது. துக்க வீட்டில் ஒரு மகளின் ஏக்கத்தைத் தெரிந்துகொண்டு அதை வைத்தே பறித்துப் போயிருக்கிறார்கள். கடைசிவரை அம்மிச்சியைப் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்ட அம்மாவுக்கா இது நடக்க வேண்டும்?

ஆன்லைனில் பணம் அனுப்பி ஏமாந்திருந்தால் உடனே 1930க்குப் போன் செய்யுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவு சீக்கிரம் பணத்தை முடக்க வழியிருக்கும். பொருளைக் கொடுத்து ஏமாந்திருந்தால் உள்ளூர் காவல் நிலையத்தில் புகார் கொடுத்து, அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள். ஏமாற்றிப் பொருளை வாங்கிப்போவது பாரதிய நியாய சன்ஹிதா 318ஆம் பிரிவில் வருகிற குற்றம். நுகர்வோர் உதவிக்கு 1915. மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில், நாம் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் கட்டணம் இல்லை, நாம் குடியிருக்கிற மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம், 2 வருசத்துக்குள் போட்டுவிட வேண்டும்.

நாங்கள் புகார் கொடுத்துவிட்டோம். இதே மாதிரி வெள்ளைப் பெட்டிக்காரர்களிடம் பாத்திரம் கொடுத்தவர்கள் ரசீது, போன் நம்பர், வண்டி நம்பர் எது கையில் இருந்தாலும் பத்திரமாக எடுத்து வையுங்கள். பழைய பாத்திரக் கடை வைத்திருப்பவர்கள், பெயர் வெட்டிய வெண்கலப் பானையை யாராவது எடைக்குப் போட வந்தால் வாங்கும் முன் ஒரு வார்த்தை விசாரியுங்கள்.