பழையபேட்டைக் குறுந்தகடு கடையில் ஸ்ரீதேவியின் படங்கள்

கிருஷ்ணகிரி பழையபேட்டையில் பழைய திரைப்படக் குறுந்தகடுகளை விற்கும் ஒரு சிறு கடையில், ஒவ்வொரு நடிகரின் படங்களையும் ஆண்டு வரிசையில் அடுக்கி வைத்திருக்கிறார்கள்; அந்த ஒழுங்கினால்தான், 1969இல் ‘துணைவன்’ படத்தில் பாலமுருகனாக வந்த ஸ்ரீதேவி, 1976இல் ‘மூன்று முடிச்சு’ படத்தில் 13 வயதிலேயே கதாநாயகியாகிவிட்டதை அடுத்தடுத்துப் பார்த்து என்னால் உணர முடிந்தது. பள்ளியில் இருக்க வேண்டிய வயதில், தன்னைவிட மூத்தவருக்குச் சிற்றன்னையாக அவர் அவ்வளவு உறுதியோடு நடித்திருப்பது வியப்பளித்தாலும், அவர் இழந்த குழந்தைப் பருவத்தை நினைத்து மனம் கனக்கிறது. ‘16 வயதினிலே’ தகடு மட்டும் இடையில் நின்றுவிட்டது. மறுநாளே வேறொன்று கொடுத்தார்கள். 2012இல் வெளிவந்த ‘இங்கிலிஷ் விங்கிலிஷ்’ படத்தை வரவழைத்துத் தருவதாகவும் சொல்லியிருக்கிறார்கள். விலை நியாயமானதே.