தம்புச் செட்டித் தெருவில் ஒரு வழக்கறிஞர் அலுவலகம்: அவமதிப்பு மனுவுக்காகச் சென்ற அனுபவம்

என் தாயாரின் குடும்ப ஓய்வூதிய நிலுவையை 12 வாரங்களுக்குள் வழங்குமாறு சென்னை உயர் நீதிமன்றம் பிறப்பித்த உத்தரவை, உரிய அலுவலகம் ஐந்து மாதமாகியும் நிறைவேற்றவில்லை. தண்டையார்பேட்டைக்கும் பாரிமுனைக்கும் நடையாய் நடந்த பிறகே, உத்தரவை நிறைவேற்றாதவர்கள் மீது தொடுக்கும் நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்காக இந்த வழக்கறிஞரிடம் சென்றேன். வழக்கறிஞர்கள் விளம்பரம் தேடக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி என்பதால், அவர் பெயரைத் தவிர்த்துச் சேவையை மட்டும் எழுதுகிறேன்.

முதல் நாளிலேயே எனக்கு நம்பிக்கை தந்தது அவர் உத்தரவு நகலைப் படித்த விதம். கடைசிப் பத்தியை இருமுறை வாசித்து, 'வழங்க வேண்டும்' என்று பொருள்படும் சொல்லின் கீழ் பென்சிலால் கோடிட்டார். "பரிசீலித்து முடிவெடுக்கவும் என்று மட்டும் இருந்தால், நிராகரித்து ஒரு கடிதம் அனுப்பினாலே உத்தரவை நிறைவேற்றியதாகச் சொல்லிவிடுவார்கள். உங்களுடையது அப்படியில்லை" என்றார். இரண்டாவதாக, நகல் அந்த அலுவலகத்துக்குக் கிடைத்ததற்கு அத்தாட்சி கேட்டார். கெடு அந்த நாளிலிருந்துதான் தொடங்குகிறது. வேண்டுமென்றே மீறினார்கள் என்று காட்டவும் அதுவே அடிப்படை. குடும்ப அட்டை உறைக்குள் அம்மா பத்திரப்படுத்தியிருந்த, முத்திரை மங்கிய அஞ்சல் ஒப்புகை அட்டை அன்று பெருந்துணையாயிற்று.

1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு, அவமதிப்பு நடவடிக்கை தொடங்க ஓராண்டு காலவரம்பு விதிப்பதால், நினைவூட்டல் கடிதம் எழுதிக்கொண்டே நாளைக் கடத்த வேண்டாம் என்று எச்சரித்தார். ஆறு மாதம் வரை வெறுங்காவல் (கடும் உழைப்பு இல்லாத சிறை), 2,000 ரூபாய் வரை அபராதம் என்று சட்டத்தில் இருந்தாலும், மன்னிப்புக் கோரி உத்தரவை நிறைவேற்றிவிட்டால் பெரும்பாலும் வழக்கை முடித்துவிடுவார்கள் என்றும், மூல உத்தரவில் வட்டி பற்றி இல்லாததால் இந்த மனுவில் அதைக் கேட்க இயலாது என்றும் ஒளிவுமறைவின்றிச் சொன்னார். வட்டியையும் வாங்கித் தருவதாக வேறோர் இடத்தில் கேட்ட உறுதிமொழியைவிட இந்த மறுப்பே எனக்குப் பெரிதாகப் பட்டது.

முதலில் 15 நாள் அவகாசத்துடன் வழக்கறிஞர் நோட்டீஸ் அனுப்பினார், பதில் வரவில்லை. மனு தாக்கலாகி, அதிகாரிக்கு நீதிமன்ற நோட்டீஸ் சென்றதும், அடுத்த விசாரணைக்கு முன்பே நிலுவைத் தொகை அம்மாவின் வங்கிக் கணக்கில் சேர்ந்தது. நீதிபதி அதைப் பதிவு செய்து மனுவை முடித்து வைத்தார்.

குறைகளையும் சொல்ல வேண்டும். பகலில் தொலைபேசியை எடுப்பதேயில்லை. குமாஸ்தா வாங்கும் சில்லறைச் செலவுகளுக்கு நாமாகக் கேட்டால்தான் ரசீது. இரண்டாம் மாடிக்குச் செல்லும் படிகள் குறுகலாகவும் செங்குத்தாகவும் உள்ளன. ஆனால், பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்திட 78 வயது அம்மாவை அழைத்துச் சென்றபோது, வழக்கறிஞர், சான்றொப்பமிட இன்னொரு வழக்கறிஞருடன் தெருவுக்கே இறங்கி வந்து, ஆட்டோவில் அமர்ந்திருந்த அம்மாவுக்கு ஒவ்வொரு பத்தியையும் தமிழில் விளக்கிய பிறகே பேனாவைக் கொடுத்தார்.

செல்வதானால் மாலை ஐந்தரைக்கு மேல், உத்தரவு நகலையும் ஒப்புகை அட்டையையும் எடுத்துக்கொண்டு செல்லுங்கள்.