பதற்றத்துக்கு மூன்று வழிகள்: உடனே அடக்கும் மாத்திரை, மெல்ல வேலை செய்யும் மாத்திரை, பேச்சு சிகிச்சை

உங்களுக்கோ வீட்டில் ஒருவருக்கோ பதற்றத்துக்கு மாத்திரை கொடுத்திருந்தால், அட்டையைத் திருப்பிப் பின்பக்கம் படியுங்கள். ‘எஸ்சிட்டாலோப்ராம் 10 மி.கி., க்ளோனாசிபம் 0.5 மி.கி.’ என்று இரண்டு பெயர் அச்சாகியிருக்கிறதா? நம் ஊரில் சர்வ சாதாரணமாக எழுதப்படும் கூட்டு மாத்திரை அது. முதல் மருந்து மெல்ல வேலை செய்யும். மாதக்கணக்கில் எடுக்க வேண்டியது. இரண்டாவது ஒரு மணி நேரத்துக்குள் படபடப்பை அடக்கும். சில வாரங்களில் நிறுத்தப்பட வேண்டியது. இரண்டையும் ஒரே மாத்திரையில் அடைத்துவிட்டால், நிறுத்த வேண்டியதை மட்டும் நிறுத்த வழியில்லை. ஆறு மாதம் கழித்து, “இது இல்லாவிட்டால் தூக்கமே வருவதில்லை” என்று சொல்பவர்களில் பலர் தாங்கள் க்ளோனாசிபம் எடுப்பதையே அறியாதவர்கள்.

ஆகவே எந்தச் சிகிச்சை நல்லது என்று கேட்பதற்கு முன், எந்த நோய் என்று உறுதிசெய்துகொள்ள வேண்டும். பொதுப் பதற்றக் கோளாறு என்றால் பல விஷயங்களைப் பற்றி, பெரும்பாலான நாட்களில், குறைந்தது 6 மாதமாக அடக்க முடியாத கவலை. கூடவே இருப்புக்கொள்ளாமை, சீக்கிரம் சோர்வு, கவனம் சிதறுதல், எரிச்சல், தசை இறுக்கம், தூக்கக் குறைவு ஆகிய ஆறில் குறைந்தது மூன்று இருக்கும். திடீரென்று பத்து நிமிடத்தில் உச்சிக்கு ஏறி, உயிரே போய்விடும் என்ற பயத்தோடு வருவது வேறு. அது பீதித் தாக்குதல். நம்மவர்கள் பெரும்பாலும் “கவலை” என்று சொல்லிக்கொண்டு மருத்துவரிடம் போவதில்லை. கழுத்து வலி, வயிற்றைப் பிசைவது, நெஞ்சு படபடப்பு என்றுதான் போகிறார்கள். அதனால் தைராய்டு பரிசோதனையும் ரத்தசோகைப் பரிசோதனையும் முதலிலேயே செய்துவிடுவது நல்லது. மிகைத் தைராய்டு அச்சு அசலாகப் பதற்றம் போலவே இருக்கும். ஆஸ்துமாவுக்கு எடுக்கும் சால்பியூட்டமால், ஒரு நாளைக்கு ஐந்தாறு டம்ளர் காபி, இரவில் மது என்று பழக்கங்களையும் மறைக்காமல் சொல்லுங்கள்.

பதற்றத்தின் அளவைக் காட்டும் ஜி.ஏ.டி.-7 என்ற ஏழு கேள்விப் படிவத்தில் ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை மதிப்பெண்; மொத்தம் 21. ஐந்து முதல் லேசானது, 10 முதல் மிதமானது, 15 முதல் கடுமையானது. இந்த எண்ணை மட்டும் வைத்து நோயைத் தீர்மானிக்கக் கூடாது. ஆனால் சிகிச்சை தொடங்கும் நாளிலும், பிறகு இரண்டு வாரத்துக்கு ஒருமுறையும் குறித்துவைத்தால், எந்த வழி உதவுகிறது என்பதில் சந்தேகமே இருக்காது.

உடனே அடக்குபவை

அல்பிரசோலம், க்ளோனாசிபம், லோராசிபம், இவற்றின் உறவான எடிசோலம் எல்லாம் ஒரே வகை. வேகத்தில் இவற்றுக்குப் போட்டியே இல்லை. அந்த வேகமே பெரிய குறையும்கூட. கவலை வந்ததும் மாத்திரை, போட்டதும் நிம்மதி என்று நான்கு முறை நடந்தால், “இதை நானாகத் தாங்க முடியாது” என்று மூளை கற்றுக்கொள்கிறது. சில வாரங்களில் உடலும் பழகிவிடும். திடீரென நிறுத்தினால் தூக்கமின்மை, நடுக்கம், முன்பைவிட அதிகமான பதற்றம், சிலருக்கு வலிப்புகூட வரலாம். முதியவர்கள் இரவில் எழும்போது தடுமாறி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொள்வது இதில் உண்மையான ஆபத்து. மதுவோடு சேர்ந்தால் மூச்சே அடங்கலாம்.

சிகிச்சை வழிகாட்டுதல்களை வகுக்கும் இங்கிலாந்தின் நைஸ் அமைப்பு 2011-இல் வெளியிட்ட வழிகாட்டுதல் இதில் தெளிவானது: நெருக்கடி நேரத்தில் குறுகிய காலத்துக்கு மட்டும். இந்தியாவிலும் அல்பிரசோலம் எச்-1 அட்டவணையில் இருக்கிறது. மருந்துக்கடை தனிப் பதிவேட்டில் எழுதி மூன்று ஆண்டு வைத்திருக்க வேண்டும். பழைய சீட்டைக் காட்டி மாதாமாதம் வாங்குவது வசதி என்று நினைக்காதீர்கள். எழுதித் தரும்போதே “எந்தத் தேதியில் நிறுத்த வேண்டும்?” என்று கேளுங்கள். பதில் இல்லாவிட்டால் அந்த மருந்தைத் தொடங்காமல் இருப்பதே மேல்.

மெல்ல வேலை செய்பவை

எஸ்சிட்டாலோப்ராம், செர்ட்ராலின் ஒரு குடும்பம். வென்லாஃபாக்சின், டுலாக்செடின் அடுத்த குடும்பம். பலன் தெரிய 2 முதல் 6 வாரம் ஆகும். இதில் தோற்பவர்களில் நிறையப் பேர் முதல் பத்து நாளிலேயே தோற்கிறார்கள். குமட்டல், தலைவலி, இருக்கும் பதற்றமே கொஞ்சம் கூடுவது ஆகியவை அந்த நாட்களில் வருவது வழக்கம். யாரும் முன்கூட்டிச் சொல்லாததால், “மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை” என்று விட்டுவிடுகிறார்கள். பதற்றம் உள்ளவர்களுக்குப் பாதி அளவில் தொடங்குவது இதற்காகத்தான்: எஸ்சிட்டாலோப்ராம் 5 மி.கி., செர்ட்ராலின் 25 மி.கி. ஒரு வாரம் கழித்து 10 அல்லது 50 மி.கி.க்கு ஏற்றுவார்கள். சாப்பிட்ட பிறகு எடுத்தால் குமட்டல் குறையும். தூக்கம் கெட்டால் காலையில் எடுக்கலாம்.

பாலுறவில் ஆர்வம் குறைவது, உச்சம் தாமதமாவது மிகப் பொதுவான பக்கவிளைவு. வெட்கப்பட்டு யாரும் சொல்வதில்லை. சொன்னால் மாற்று உண்டு. முதியவர்களுக்குச் சோடியம் குறையலாம். குழப்பமும் தள்ளாட்டமும் வந்தால் உடனே ரத்தப் பரிசோதனை வேண்டும். வலி மாத்திரையை அடிக்கடி போடுபவர்களுக்கு இரைப்பையில் ரத்தக்கசிவு வாய்ப்பு கூடும். 25 வயதுக்குட்பட்டவர்களை முதல் சில வாரம் வீட்டார் கவனிக்க வேண்டும். தற்கொலை எண்ணம் தோன்றினால் அன்றே மருத்துவரிடம் போக வேண்டும். குடும்பத்தில் இருதுருவக் கோளாறு (மிகை உற்சாகமும் மனச்சோர்வும் மாறி மாறி வரும் நோய்) இருந்தால் முன்பே சொல்லிவிடுங்கள்.

மற்றவற்றைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். பஸ்பிரோன் பழக்கமாகாது, ஆனால் தினமும் இரண்டு மூன்று வேளை எடுக்க வேண்டும். பிரிகாபாலின் ஐரோப்பாவில் இந்நோய்க்கு அனுமதி பெற்றது. மயக்கம், எடை கூடுதல், தவறான பயன்பாடு என்று சிக்கல்களும் உண்டு. பிரோப்ரனோலால் கை நடுக்கத்தையும் படபடப்பையும் குறைக்கும், கவலையைத் தொடாது. ஆஸ்துமா உள்ளவர்களுக்கு ஆகாது.

பேச்சு சிகிச்சை

பேச்சு சிகிச்சையில் முக்கியமான அறிவு-நடத்தைச் சிகிச்சை (சி.பி.டி.) என்பது ஆறுதல் பேச்சு என்ற எண்ணம்தான் இதற்கு முதல் எதிரி. வாரம் ஒரு மணி நேரம், 12 முதல் 15 வாரம், ஒவ்வொரு வாரமும் வீட்டுப்பாடம். அந்த வீட்டுப்பாடம்தான் சிகிச்சை.

முதல் பாடம், கவலையை எழுதி இரண்டாகப் பிரிப்பது. “நாளைக்கு வாடகை கட்ட வேண்டும்” என்பதற்குச் செயல் உண்டு. எப்போது, யாரிடம் என்று எழுதி முடித்துவிடலாம். “எனக்குப் புற்றுநோய் வந்தால் பிள்ளைகள் என்ன ஆவார்கள்” என்பதற்கு இன்று செய்ய ஒன்றுமில்லை. அப்படிப்பட்டவற்றைக் கவலை நேரத்துக்குத் தள்ள வேண்டும்: தினமும் மாலை ஒரே நாற்காலியில், ஒரே நேரத்தில், 20 நிமிடம். படுக்கையில் வேண்டாம். பகலில் கவலை எழுந்தால் ஒரு வரி குறித்துவிட்டு வேலைக்குத் திரும்புவது. மாலையில் எடுத்துப் பார்த்தால் பாதி வலுவிழந்திருக்கும்.

அடுத்தது, நிச்சயமின்மையோடு இருக்கப் பழகுவது. என் பார்வையில் சிகிச்சையின் மையம் இதுதான். எடுத்துக்காட்டாக, மகள் கல்லூரி போய்ச் சேர்ந்தாளா என்று தினமும் நான்கு முறை அழைக்கும் தாய், முதல் வாரம் இரண்டு முறை மட்டும் அழைப்பார். அழைக்காதபோது பதற்றம் பத்துக்கு எத்தனை, ஒரு மணி நேரம் கழித்து எத்தனை, பயந்தது நடந்ததா என்று மூன்று கட்டத்தில் எழுதுவார். எட்டு தானாகவே நான்காக இறங்குவதைக் கண்ணால் பார்ப்பதை எந்த அறிவுரையும் தர முடியாது. வீட்டாருக்கும் இதில் வேலை உண்டு: “ஒன்றும் ஆகாது” என்று பத்தாவது முறையும் சொல்வதை நிறுத்துவது.

கெட்டுப்போவது எங்கே? மூச்சுப் பயிற்சியை மாத்திரை போலவே, பதற்றம் எழும்போதெல்லாம் அடக்கப் பயன்படுத்தினால் பழைய பாடமே திரும்புகிறது. சிகிச்சையாளர் வீட்டுப்பாடம் தராமல் கேட்டுக்கொண்டே இருந்தால் நான்காவது வாரத்தில் ஆளை மாற்றுங்கள். மருத்துவ உளவியலாளருக்கு இந்திய மறுவாழ்வு மன்றப் பதிவு எண் இருக்க வேண்டும், கேட்பதில் தவறில்லை.

அமெரிக்காவில் 2022-இல் வெளியான ஓர் ஆய்வு, பதற்றக் கோளாறுகள் உள்ள 276 பேரில் 8 வார விழிப்புணர்வுத் தியானப் பயிற்சியை எஸ்சிட்டாலோப்ராமோடு ஒப்பிட்டது. பயிற்சி மருந்துக்குச் சளைக்கவில்லை. பக்கவிளைவுகள் மிகக் குறைவு. ஆனால் அது வாரம் இரண்டரை மணி வகுப்பு, வீட்டில் தினமும் 45 நிமிடப் பயிற்சி. கைபேசிச் செயலியில் பத்து நிமிடம் உட்கார்வதை அதோடு சேர்க்க முடியாது.

யாருக்கு எது

மதிப்பெண் மிதமாக இருந்து, வாரம் ஒரு மணி நேரம் ஒதுக்க முடிந்து, பயிற்சி பெற்றவர் கிடைத்தால் பேச்சு சிகிச்சையில் தொடங்குங்கள். கற்றது முடிந்த பிறகும் கையில் நிற்கும். வேலைக்கே போக முடியாத அளவு கடுமை, கூடவே மனச்சோர்வு, அல்லது ஊரில் ஆளே இல்லை என்றால் மெல்ல வேலை செய்யும் மாத்திரை. அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் மருந்துக்குச் செலவில்லை. எங்கே போவது என்று தெரியாவிட்டால் அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416-க்குத் தமிழிலேயே பேசலாம். இரண்டையும் சேர்த்தும் செய்யலாம். க்ளோனாசிபம் தேவைப்பட்டால் தனி மாத்திரையாக, முதல் இரண்டு மூன்று வாரத்துக்குப் பாலமாக மட்டும்.

குணம் தெரிந்ததும் மெல்ல வேலை செய்யும் மாத்திரையை விட்டுவிடக் கூடாது. நன்றாக இருக்கும் நிலையிலேயே 6 முதல் 12 மாதம் தொடர வேண்டும். பிறகு குறைந்தது நான்கு வாரத்தில், நீண்ட நாள் எடுத்தவர்களுக்கு இன்னும் மெதுவாக, படிப்படியாகக் குறைப்பார்கள். க்ளோனாசிபம் மாதக்கணக்கில் எடுத்தவர்களுக்கு இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு 5 முதல் 10 சதவீதம் என்ற வேகமே பாதுகாப்பு. மெல்ல வேலை செய்யும் மாத்திரையை நிறுத்திய இரண்டு மூன்று நாளில் தலைசுற்றலும், தலைக்குள் மின்சாரம் வெட்டுவது போன்ற உணர்வும் வந்தால் பெரும்பாலும் அது மருந்து விலகும் அறிகுறி. முந்தைய அளவுக்குத் திரும்பி இன்னும் மெதுவாக இறக்கலாம். பல வாரம் நன்றாக இருந்து, பழைய கவலைகள் பழைய உருவிலேயே திரும்பினால் அது நோய், அப்போது ஜி.ஏ.டி.-7 படிவத்தை மறுபடி நிரப்பி எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் போங்கள்.