பூவரசங்கட்டைக்குத் தைத்த உறையும் வேண்டாத பெட்டியும்

இரண்டு பொருள்களைப் பற்றி எழுதுகிறேன். ஒன்று, கும்பகோணத்தில் ஒரு பெரியவர் தைத்துக் கொடுத்த தோல் உறை. ரிவால்வரை இடுப்பில் வைத்துக்கொள்வதற்கானது. விலை 1,850 ரூபாய். மற்றொன்று, காருக்குள் வைத்துப் பூட்டும் இரும்புப் பெட்டி, 3,200 ரூபாய். முதலாவது பழசானால் அதையே மறுபடியும் வாங்குவேன். இரண்டாவதை வாங்கியது என் அறிவீனம். பெட்டியின் மேல் பாதிப் பழியைத்தான் போட முடியும்.

திருவாரூர் மாவட்டத்தில், பேரளத்துக்குப் பக்கத்தில் அரிசி ஆலை வைத்திருக்கிறேன். வயது 61. களத்துமேட்டிலேயே ரொக்கம் எண்ணிக் கொடுத்து நெல் எடுத்த காலத்தில், 2009இல், கலெக்டர் அலுவலகத்துக்கு நடையாய் நடந்து உரிமம் வாங்கினேன். கான்பூர் அரசுத் தொழிற்சாலையில் செய்த .32 ரிவால்வர். ஆறு தோட்டா கொள்ளும். எடை முக்கால் கிலோவுக்குச் சற்றுக் குறைவு. இன்றைக்கு நெல் விற்கிறவர்களில் பாதிப் பேர் வங்கிக் கணக்கு எண்ணை நீட்டுகிறார்கள். மீதிப் பேருக்கு இன்னும் ரொக்கம்தான் பணம். இதுவரை ரிவால்வரை யாரை நோக்கியும் நீட்டியதில்லை. நீட்டுகிற நாள் வராமலே போகட்டும் என்று திருமீயச்சூர் லலிதாம்பிகையிடம் வெள்ளிதோறும் சொல்லிவிட்டு வருகிறேன்.

ஆகவே உறையிலிருந்து எத்தனை நொடியில் உருவலாம் என்று தெரிந்துகொள்ள வந்தவர்களுக்கு என்னிடம் பதில் இல்லை. எங்கள் ஊர்ப் பக்கம் உறைக்கு வருகிற சோதனை வேறு. எவ்வளவு சுலபமாக அதைக் கழற்றி வீட்டில் வைத்துவிட்டுப் போகலாம் என்பதுதான் அது.

காரணம் காரைக்கால். பேரளத்திலிருந்து கிழக்கே அரை மணி நேரம்கூடப் போகவேண்டாம், அம்பகரத்தூர் வந்துவிடும். அதே வயல், அதே வாய்க்கால், அதே நாற்றுக்கட்டு. ஆனால் ஆட்சி வேறு, புதுச்சேரி யூனியன் பிரதேசம். பிரெஞ்சுக்காரர்கள் 1954இல் மூட்டை கட்டிப் போனார்கள், அவர்கள் போட்ட கோடு மட்டும் போகவில்லை. நாகப்பட்டினத்திலிருந்து கடற்கரைச் சாலையில் தரங்கம்பாடி போகிறவன் வாஞ்சூரில் தமிழ்நாட்டை விட்டு வெளியே போய், நண்டலாறு தாண்டி மறுபடியும் தமிழ்நாட்டுக்குள் வருகிறான். பாட்டில் கொண்டு வருகிறவர்களுக்கு அந்த இரண்டு சாவடிகளும் மனப்பாடம். என் உரிமப் புத்தகத்தில் பரப்பு என்ற இடத்தில் 'தமிழ்நாடு முழுவதும்' என்று எழுதியிருக்கிறது. கன்னியாகுமரி வரை கொண்டு போகலாம், அம்பகரத்தூருக்குக் கூடாது. போதாக்குறைக்கு என் மகளைக் கொடுத்திருப்பது திருமலைராயன்பட்டினத்தில். வாரத்துக்கு ஒரு முறையாவது சம்பந்தி வீட்டுக்கு அழைப்பு வந்துவிடும்.

உறைக்கு வருகிறேன். முன்பு வைத்திருந்தது இணையத்தில் வாங்கிய நைலான் உறை. எந்தக் கடை என்று சொல்லப்போவதில்லை. எல்லாத் துப்பாக்கிக்கும் பொருந்தும் என்று போட்டிருந்தார்கள். எல்லாவற்றுக்கும் பொருந்துவது எதற்கும் பொருந்தாது என்பது வேட்டி கட்டுகிறவனுக்குத் தெரிந்திருக்க வேண்டும், எனக்குத் தெரியவில்லை. ஒரு தை மாதம், மூட்டையில் கைவிட்டு நெல்லின் ஈரப்பதம் பார்க்கக் குனிந்தேன். ரிவால்வர் வழுக்கிக்கொண்டு எடைமேடையின் மேல் விழுந்தது. சுமை தூக்குகிற ஆள் சாவகாசமாகத் திரும்பிப் பார்த்து, "முதலாளி, உங்கள் சாமான் கீழே கிடக்கிறது" என்றான். வெடிக்கவில்லை. ஆனால் அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. அந்த உறை இப்போது டார்ச் விளக்கு வைக்கப் பயன்படுகிறது, அதற்கும் லொடலொடவென்றுதான் இருக்கிறது.

கும்பகோணத்துப் பெரியவர் பெல்ட், பை, மிருதங்க உறை எல்லாம் தைக்கிறவர். போனதும் அவர் கேட்ட முதல் கேள்வி, "சாமானைக் கொண்டு வந்திருக்கிறீர்களா?" என்பது. கொண்டு போயிருந்தாலும் கொடுத்திருக்க முடியாது. உரிமம் இல்லாதவர் கையில் மூன்று வாரம் விட்டுவிட்டு வர அது என்ன கைக்கடிகாரமா? இருவரும் கொஞ்ச நேரம் யோசித்தோம். பிறகு அவரே வழி சொன்னார். வீட்டுக்கு வந்து ஆலைத் தச்சரைக் கூப்பிட்டு, என் கண்முன்னேயே அளவெடுக்க வைத்து, பூவரசங்கட்டையில் அச்சு அசலாக ஒன்று செதுக்கச் சொன்னேன். குழாயின் நீளம், தோட்டா உருளையின் புடைப்பு, கைப்பிடியின் வளைவு எல்லாம் நூல் பிசகாமல் வந்தது. தச்சுக் கூலி 400 ரூபாய். இதை உறையின் விலையோடு சேர்த்துக்கொள்ளுங்கள்.

தோல் விஷயத்தில் பெரியவர் கறார். திண்டுக்கல்லில் பட்டை போட்டுப் பதனிட்ட தோல்தான் இதற்கு ஆகும், குரோமியத் தோல் இரும்பைத் தின்றுவிடும் என்றார். அந்தக் காலத்தில் ஆவாரம்பட்டையில் ஊறவைத்த தோலின் வாசனையே வேறு என்று அரை மணி நேரம் பேசினார். நானும் கேட்டுக்கொண்டிருந்தேன், நெல்லைப் பற்றி நானும் அப்படித்தான் பேசுகிறேன். தோலைத் தண்ணீரில் நனைத்து, மரக்கட்டையின் மேல் வைத்து அழுத்தி, நிழலில் காயவிட்டு, பிறகு இரட்டை நூலில் கைத்தையல். சுடும் விசை முழுவதும் தோலுக்குள் மறைந்துவிடுகிறது, விரல் தவறியும் அங்கே போகாது. மேலே ஒரு வார், அதற்கு ஒரு பிரஸ் பட்டன். தலைகீழாகப் பிடித்து உதறிப் பார்த்தேன், அசையவில்லை.

எனக்கு மிகவும் பிடித்தது பின்பக்கம். நான் வேட்டி கட்டுகிறவன். வேட்டிக்கு மேல் பச்சை நிற அகல பெல்ட், அதில் பணம் வைக்கும் பை. பெரியவர் உறையின் முதுகில் இரண்டு வளையம் வைத்து, இரண்டையும் பட்டனால் திறக்கும்படி செய்திருக்கிறார். பெல்ட்டைக் கழற்றாமலே உறையைத் துப்பாக்கியோடு தனியே எடுத்துவிடலாம். சம்பந்தி வீட்டிலிருந்து தொலைபேசி வந்தால் பீரோவுக்குள் இருக்கிற பாதுகாப்புப் பெட்டியைத் திறந்து, இரண்டு பட்டனைத் திறந்து, உள்ளே வைத்துப் பூட்டிவிட்டுக் கிளம்பிவிடுகிறேன். நைலான் காலத்தில் பெல்ட்டை அவிழ்த்து, வேட்டியைத் திரும்பக் கட்டி, அதற்குள் மனைவி காரில் ஏறி உட்கார்ந்து இரண்டு முறை ஹாரன் அடித்திருப்பாள்.

மேலே சட்டையைத் தொங்கவிட்டால் ஒன்றும் தெரிவதில்லை. மறைத்து வைத்துக்கொள்வதை ஏதோ கள்ளத்தனம் என்று நினைக்கிறவர்கள் உண்டு. 2016ஆம் ஆண்டு ஆயுத விதிகள் சொல்வதே அதைத்தான்: பொது இடத்தில் கைத்துப்பாக்கி உடம்போடு சேர்ந்த உறையில் இருக்க வேண்டும், முழுக்க மூடியிருக்க வேண்டும். கல்யாண வீடுகளில் தூக்கிக் காட்டுகிற வடக்கத்தி வழக்கமெல்லாம் குற்றம். கல்யாணம் என்ன, திருவிழாக் கூட்டத்துக்கே கொண்டு போகக் கூடாது என்று உரிமத்தின் நிபந்தனையிலேயே இருக்கிறது. ஆழித்தேர் அன்றைக்குத் திருவாரூருக்கு நான் வெறும் பெல்ட்டோடுதான் போகிறேன்.

குறை இல்லாமல் இல்லை. சம்மணம் போட்டு உட்கார்ந்தால் கைப்பிடி விலாவில் இடிக்கிறது. முதுகுப் பக்கம் கொஞ்சம் தள்ளிக்கொண்டால் சரியாகிறது, ஆனால் கார் ஓட்டும்போது அந்த இடம் உறுத்துகிறது. பெரிய குறை மழைக்காலம். கார்த்திகை அடைமழையில் பத்து நாள் எடுக்காமல் விட்டேன், உறை முழுக்கச் சாம்பல் பூத்தது போலப் பூஞ்சை. தோட்டாக்களின் பித்தளையிலும் பச்சைக் களிம்பு. நெல்லுக்கு 17 சதவிகித ஈரப்பதம் வரை கொள்முதல் நிலையத்தில் ஒப்புக்கொள்வார்கள், தோலுக்கு டெல்டாவில் அந்தச் சலுகை கிடையாது. பெரியவரிடம் முறையிட்டேன். "உறை போட்டுக்கொண்டு போவதற்கு, போட்டு வைப்பதற்கு இல்லை" என்று ஒரே வரியில் அனுப்பிவிட்டார். இப்போது இரவில் துப்பாக்கி, தோட்டா, உறை மூன்றும் தனித்தனியே இருக்கின்றன. தேங்காய் எண்ணெய் தடவாதீர்கள், நான் தடவி எறும்பு வந்தது.

பெட்டியின் கதைக்கு என் மைத்துனர் மகன்தான் காரணம். ஹூஸ்டனில் இருக்கிறான். குடியுரிமை வாங்கிய கையோடு துப்பாக்கியும் வாங்கிவிட்டான். டெக்சாஸில் 2021 செப்டம்பரிலிருந்து தகுதியுள்ளவர்கள் அனுமதிச் சீட்டே இல்லாமல் இடுப்பில் வைத்துக்கொள்ளலாமாம். 2024 பொங்கலுக்கு வந்தவன் என் காரைக்கால் அவஸ்தையைக் கேட்டுவிட்டுச் சிரித்தான். "மாமா, எங்களுக்கு மட்டும் என்ன? நியூ ஜெர்சிக்காரன் வேறு மாநிலத்து அனுமதியை மதிக்கவே மாட்டான். ஆனால் 1986இல் போட்ட ஒரு மத்தியச் சட்டம் இருக்கிறது. கிளம்புகிற இடத்திலும் போய்ச் சேருகிற இடத்திலும் வைத்துக்கொள்ள உரிமை இருந்தால் போதும். குண்டை எடுத்துவிட்டு, கை எட்டாதபடி டிக்கியில் வைத்துவிட்டு நடுவில் இருக்கிற மாநிலத்தைக் கடந்து போகலாம். தனி டிக்கி இல்லாத வண்டி என்றால் பூட்டிய பெட்டி வேண்டும். முன்னால் இருக்கிற சின்ன அறையைப் பூட்டி வைத்தால் அது கணக்கில் வராது" என்றான்.

எனக்கு அது தேவவாக்காகக் கேட்டது. நாகப்பட்டினத்தில் வேலை முடித்துத் தரங்கம்பாடிப் பக்கம் நெல் பார்க்கப் போக வேண்டுமென்றால், காரைக்காலைத் தவிர்த்துத் திருவாரூர், பேரளம், மயிலாடுதுறை, செம்பனார்கோவில் என்று சுற்றுகிறேன். தூரம் இரண்டு மடங்குக்கு மேல். டிக்கியில் ஒரு பெட்டி, அதற்கொரு பூட்டு, முடிந்தது கதை என்று அடுத்த மாதமே வரவழைத்துவிட்டேன். கனமான தகடு, உள்ளே பஞ்சு, இருக்கைக் காலோடு கட்ட இரும்புக் கயிறு, நான்கு எண் பூட்டு. பார்க்க லட்சணமாகத்தான் இருந்தது.

தேர்தல் என்னைக் காப்பாற்றியது. மார்ச் 16ஆம் தேதி அறிவிப்பு வந்ததும் வழக்கம்போல ரிவால்வரைக் காவல் நிலையத்தில் ஒப்படைத்து ரசீது வாங்கினேன். எங்களுக்கு ஏப்ரல் 19இலேயே ஓட்டுப்பதிவு முடிந்துவிட்டது, எண்ணிக்கை ஜூன் 4. அது முடிந்துதான் கைக்கு வந்தது. தோட்டா வாங்கத் திருச்சிக்குப் போன இடத்தில் ஆயுதக் கடைக்காரரிடம் பெருமையாகப் பெட்டியைப் பற்றிச் சொன்னேன். அவர் என் உரிமப் புத்தகத்தை என் பக்கம் திருப்பி, பரப்பு என்ற வரியில் விரலை வைத்தார். "ஐயா, காரைக்கால் தமிழ்நாடா?" அவ்வளவுதான் கேட்டார். பூட்டினாலும், குண்டை எடுத்தாலும், பெட்டியைக் காரோடு பற்றவைத்தாலும், உரிமம் செல்லாத மண்ணில் அது உரிமம் இல்லாத துப்பாக்கி. கடந்து போகிறவனுக்கென்று அமெரிக்காவில் இருக்கிற சலுகை இங்கே பெட்டிக்குள் வைத்து விற்கப்படுவதில்லை. வேண்டுமானால் பரப்பை விரிவாக்க மனுப் போட வேண்டும். சம்பந்தி வீட்டுக்குப் போவதைக் காரணமாக எழுதினால் கலெக்டர் அலுவலகத்தில் சிரிப்பார்கள்.

மனுப் போடவில்லை. சுற்றித்தான் போகிறேன். வேறு நாட்டுச் சட்டத்தை நம்பி வாங்கியது என் தவறு, சரி. ஆனால் நாகைக் கடற்காற்றில் நான்கே மாதத்தில் எண் பூட்டு துருவேறி இறுகிப்போனது விற்றவரின் தவறு. உடைத்துத் திறந்து, சாதாரணத் தாழ்ப்பாள் வைத்திருக்கிறேன். இப்போது அதில் ஆலையின் எடைச்சீட்டுகள் இருக்கின்றன, அவற்றுக்கு எந்த எல்லையிலும் தடை இல்லை.

பெரியவரிடம் தைக்க விரும்புகிறவர்கள் மூன்று வாரம் பொறுக்க வேண்டும். ஐப்பசி, கார்த்திகையில் போகாதீர்கள், தோல் காயாது. முன்பணம் பாதி. மரக்கட்டை இல்லாமல் போனால் திருப்பி அனுப்பிவிடுவார். அதே கான்பூர் .32 வைத்திருக்கிறவர்கள் தச்சுக் கூலியை மிச்சப்படுத்த என் பூவரசங்கட்டையை வாங்கிக்கொள்ளலாம். தர எனக்குச் சம்மதம்தான். ஆனால் அது இப்போது திருமலைராயன்பட்டினத்தில் என் பேரனிடம் இருக்கிறது, அவன்தான் இடுப்பில் சொருகிக்கொண்டு வாரத்துக்கு இரண்டு முறை எல்லை தாண்டுகிறான்.