கச்சேரியடி ரைப்செற்றிங் கடையும் மகளின்ர ஆளுநர் ஒப்படையும்

யாழ்ப்பாணக் கச்சேரிக்கு, அதான் மாவட்டச் செயலகத்துக்கு, கிட்ட, கண்டி வீதியில இருந்து இறங்கிற ஒழுங்கையில ஒரு சின்ன ரைப்செற்றிங் கடை இருக்கு. போர்ட் ஒண்டும் இல்ல, வாசல்ல ஒரு பழைய ஃபொட்டோக்கொப்பி மெஷின் நிக்கும், அதான் அடையாளம். போன கிழமை மகளின்ர ஒப்படையை அடிச்சு பைண்ட் பண்ணக் குடுத்தனாங்கள். ஐஞ்சுக்கு ஐஞ்சு ஸ்டார் போடுவன், கலர் பிரிண்டுக்கு மட்டும் ஒண்டைக் குறைக்கிறன்.

மகள் பத்தாம் ஆண்டு. ஒரு பெண் ஆளுமையைப் பற்றி எழுதச் சொல்லி ரீச்சர் குடுத்தவா, இவள் எடுத்தது வடமாகாணத்தின்ர முதல் பெண் ஆளுநர் திருமதி பி.எஸ்.எம். சார்ள்ஸை. கையால பதினாலு பக்கம், தலைப்பு "ஆளுநரின் அரசியல் பயணம்".

கடைக்கார அண்ணை முதல் பக்கத்திலயே அடிக்கிறதை நிப்பாட்டிட்டார். "பிள்ளை, தேர்தலில வெண்டு ஆளுநரா வந்தவா எண்டு எழுதியிருக்கிறீர், அப்பிடியே அடிக்கட்டோ?" எண்டு கேட்டார். முந்தி வேற ஒரு கடையில என்ர விண்ணப்பத்தில பிறந்த ஆண்டையே மாத்தி அடிச்சுத் தந்து நான் ரெண்டு நாள் அலைஞ்சனான், அதால இந்தக் கேள்வியைக் கேட்டோன எனக்கு மனசு நிறைஞ்சு போச்சு.

ஆளுநரைச் சனாதிபதி தான் நியமிக்கிறவர், நாங்கள் வாக்குப் போடுறது மாகாண சபைக்கு எண்டு அவர் மகளுக்கு ஆறுதலா விளங்கப்படுத்தினவர். வாக்கு எடுத்து வந்த பெண்ணைப் பற்றியும் எழுதும் எண்டு 2013 தேர்தலில அனந்தி சசிதரன் எடுத்த 87,870 விருப்பு வாக்கைச் சொன்னார், முதலமைச்சரா வந்த விக்னேஸ்வரன் ஐயாவுக்கு அடுத்த இடம். மகள் அதை ஒரு பெட்டி போட்டுச் சேர்த்தவள்.

பேந்து ஆண்டுகள். மகள் 2019 இல இருந்து 2024 வரைக்கும் ஒரே இழுவையா ஆளுநர் எண்டு எழுதிப்போட்டாள், அது பிழை. 2019 டிசம்பர்ல கோட்டாபய நியமிச்சவர், 2021 ஒக்ரோபர்ல அந்த இடத்துக்கு ஜீவன் தியாகராஜா வந்திட்டார், அவர் தேர்தல் ஆணைக்குழுவில இருந்து ஆளுநரா வர இவா ஆணைக்குழுவுக்குப் போனவா, அங்கயும் 2023 ஜனவரியில, உள்ளூராட்சித் தேர்தல் வேலை நடந்துகொண்டிருக்கேக்க, விலகிட்டா. அதே வருசம் மே மாசம் ரணில் திரும்ப வடக்குக்கு நியமிச்சவர். 2024 செப்ரெம்பர்ல சனாதிபதி மாற அந்தக் காலமும் முடிஞ்சுது, பிறகு வந்தவர் வேதநாயகன் ஐயா.

இதில எனக்குப் பெரிசாப் படுறது ஆளுநர் கதிரை இல்ல, அதுக்கு முன்னம் பாத்த வேலை. 2009 இல வவுனியா அரசாங்க அதிபர், அதாவது மாவட்ட நிர்வாகத்தின்ர தலைமை அதிகாரி, இவா தான். எங்கட பெரியம்மா ஆக்கள் போரில இடம்பெயர்ந்து செட்டிகுளம் மெனிக் பாம் முகாமில இருந்தவை, அந்த நேரம் அந்த மாவட்டத்தில அரச அதிகாரியா நிண்டு வேலை செய்யிறது எவ்வளவு பாரம் எண்டு அங்க கிடந்த சனத்துக்குத் தெரியும். பிறகு மட்டக்களப்பு, பிறகு சுங்கப் பணிப்பாளர் நாயகம். 2019 தொடக்கத்தில அமைச்சரவை அந்தப் பதவியில இருந்து மாத்த, சுங்க உத்தியோகத்தர்மார் வேலையை மறிச்சுப் போராடித் திரும்பக் கொண்டு வந்தவை. ஒரு தமிழ்ப் பெண்ணுக்காகக் கொழும்பில அப்பிடி நடந்தது எண்டதை மகள் ரெண்டு தரம் வாசிச்சவள், எனக்கும் வாசிக்கேக்க தொண்டை அடைச்சுது.

ஆனா ஒண்டு, அதையும் சொல்லத் தான் வேணும். வடமாகாண சபையின்ர காலம் 2018 ஒக்ரோபர்ல முடிஞ்சுது, அதுக்குப் பிறகு தேர்தல் இல்ல, அதால தான் ஆளுநர் ஆர் எண்டது இவ்வளவு பெரிய கதையா இருக்கு. எவ்வளவு நல்ல ஆள் வந்தாலும் அவை மேல இருந்து வாறவை, மேல ஆள் மாறினா போறவை. வாக்குப் போட்டு வாற பெண்ணை நாங்கள் கேள்வி கேக்கலாம், அது பிள்ளையளுக்கு விளங்கவேணும் எண்டு நான் சரியா விரும்பிறன். கடைசியில தலைப்பை மகளே மாத்தினவள், "அரசாங்க அதிபரில் இருந்து ஆளுநர் வரை" எண்டு.

இப்ப கடைக்கு வாறன். பக்கத்துக்கு 100 ரூபா, ஸ்பைரல் பைண்டிங் 250, மூண்டு தரம் திருத்தினதுக்கு ஒரு சதமும் எடுக்கேல்ல. பாமினி எண்ட பழைய எழுத்துருவில அடிச்சாலும் யூனிக்கோடில மாத்திப் பென் ட்ரைவில போட்டுத் தருவார், கேளுங்கோ. சார்ள்ஸ், சாள்ஸ் எண்டு பேப்பருக்குப் பேப்பர் வேற வேற மாதிரி இருந்ததைப் பாத்து முழுக்க ஒரே மாதிரி ஆக்கினவர். கலர் பிரிண்ட் தான் மங்கல், படத்தில முகம் வடிவாத் தெரியேல்ல, படத்தை வேற இடத்தில எடுத்துக்கொண்டு போங்கோ. காட் எடுக்க மாட்டார், காசு தான்.

காலமை கச்சேரி அலுவலா வாற சனம் மனுவோட வரிசையில நிக்கும், பின்னேரம் மூண்டு மணிக்குப் பிறகு போனீங்கள் எண்டா அண்ணை இருந்து ஒவ்வொரு வரியா வாசிச்சுப் பாத்துத் தருவார்.