பத்தாம் இலக்கம், தாயி: ஹட்டனில் அச்சிட்டு வாங்கிய ஒரு ஜேர்சி

மூன்று மாதம் ஆகிவிட்டது. வாரத்துக்கு இரண்டு தடவையாவது துவைக்கிறார்கள். செம்மண் கறை போகக் கல்லில் அடித்தும் துவைத்தாயிற்று. முதுகில் இருக்கும் எழுத்து மங்கவில்லை, ஓரம் உரியவில்லை. இவ்வளவு நாள் பார்த்த பிறகுதான் இந்தக் கடையைப் பற்றி எழுத உட்கார்ந்திருக்கிறேன். வாங்கிய அன்றே எழுதியிருந்தால் வெறும் சந்தோஷத்தில் எழுதியதாகப் போயிருக்கும்.

கடைக்குப் பெயர்ப் பலகை கிடையாது. இலங்கை மலையகத்தில், ஹட்டன் பிரதான வீதியில் ஒரு மருந்துக் கடைக்கும் புடவைக் கடைக்கும் நடுவே ஒடுக்கமான படிக்கட்டு மேலே ஏறும். ஏறினால் ஒரே அறை. இரண்டு தையல் இயந்திரம், ஒரு கணினி, அகலமான காகிதச் சுருள் மாட்டிய பிரிண்டர், மூலையில் ஹீட் பிரஸ். பையன்கள் எல்லாம் ‘பிரிண்ட் கடை’ என்றுதான் சொல்கிறார்கள். நடத்துவது முப்பது வயதுகூட ஆகாத ஒரு தம்பி. தைப்பது அவருடைய அம்மா.

நான் ஒரு தோட்டப் பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். என் அக்கா மகளுக்குப் பதினான்கு வயது. பாடசாலை உதைபந்தாட்ட அணியில் முன்வரிசையில் ஆடுகிறாள். இந்த வருடம் அவளுக்குச் சடங்கு வைத்தார்கள். தாய்மாமன் சீர் என் கடமை. சேலை, வளையல், தட்டு வரிசை எல்லாம் அம்மா சொன்னபடி வாங்கியாயிற்று. அப்புறம் அவளையே கூப்பிட்டு, “உனக்குன்னு என்ன வேணும்?” என்று கேட்டேன்.

“ஜேர்சி வேணும் மாமா. வெள்ளை. பின்னால பத்து. தமிழ்ல ‘தாயி’ன்னு போடணும்.”

அலி தாயி. ஈரானின் முன்கள வீரர். 2007இலேயே ஓய்வுபெற்ற ஒருவரைப் பதினான்கு வயதுப் பிள்ளைக்கு எப்படித் தெரியும் என்று கேட்பீர்கள். 2021 செப்டெம்பரில் நாடு முழுக்கத் தனிமைப்படுத்தல் ஊரடங்கு. நான் அக்கா வீட்டிலேயே தங்கிவிட்டேன். ஓர் இரவு பன்னிரண்டு மணி தாண்டிப் போர்த்துக்கல், அயர்லாந்து ஆட்டத்தைக் கைப்பேசியில் பார்த்துக்கொண்டிருந்தேன். அவளும் தூங்காமல் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். 88 நிமிடம் வரை அயர்லாந்து ஒன்றுக்குப் பூச்சியம் என்று முன்னால் நின்றது. 89ஆவது நிமிடத்தில் ரொனால்டோ தலையால் ஒன்று. மேலதிக நேரத்தில் மறுபடியும் தலையால் ஒன்று. அத்தோடு நாட்டுக்காக அவர் போட்ட கோல் கணக்கு 111. “109ஐத் தாண்டிட்டார், 109ஐத் தாண்டிட்டார்னு சொல்றாங்களே, அந்த 109 யாரோடது மாமா?” என்று கேட்டாள். தாயியுடையது என்றேன். அன்றிரவு ஆரம்பித்த கதையை நான் இன்னும் சொல்லி முடிக்கவில்லை.

சரி, கடைக்கு வருகிறேன். பெயரைச் சொன்னதும் தம்பி கணினியில் தட்டிவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். “தாயின்னா அம்மாவா சேர்?” இல்லை தம்பி, அது அவருடைய குடும்பப் பெயர், ஆனால் பாரசீகத்தில் அந்தச் சொல்லுக்குத் தாய்மாமன் என்று அர்த்தம் என்றேன். கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். “அப்ப சீருக்குப் போட வேண்டிய பேருதான் சேர் இது” என்றார். எழுத்தைப் பெரிதாக்கி, சிறிதாக்கி, ‘யி’யின் சுழி மேலே இடிக்காமல் ஏழெட்டுத் தடவை மாற்றிக் காட்டினார். தமிழ் எழுத்தை ஜேர்சியில் போட்டுத் தரும் பலர் அதை ஆங்கில எழுத்துக்கு விட்ட இடத்தில் அப்படியே திணித்துவிடுவார்கள். கொம்பும் சுழியும் நசுங்கிப் போகும். இவர் அதைச் செய்யவில்லை.

இரண்டு வருடத்துக்கு முன் எங்கள் பாடசாலை அணிக்கு வேறோர் ஊரில் ஜேர்சி அடித்தோம். இலக்கத்தை வினைல் தாளில் வெட்டி, சூட்டில் ஒட்டிக் கொடுத்தார்கள். மூன்றாவது துவைப்பிலேயே ஓரம் சுருண்டது. ஓர் ஆட்டத்தின் நடுவில் எங்கள் கோல் காப்பாளரின் முதுகில் இருந்த ஒன்று கழன்று சேற்றில் விழுந்தது. பிள்ளை அழுதுவிட்டது. அதனால் இந்தத் தடவை முதலிலேயே கேட்டேன்: வினைலா, சப்ளிமேஷனா? “வெள்ளைத் துணி, பொலியஸ்டர். சப்ளிமேஷன்தான் சேர் நிக்கும்” என்றார். காகிதத்தில் அச்சடித்த சாயத்தைத் துணிமேல் வைத்து 200 பாகை அளவில் அழுத்தினால், சாயம் உருகாமல் நேரே ஆவியாகி நூலுக்குள் இறங்குகிறது. வகுப்பில் அயடீனைச் சூடாக்கிக் காட்டுகிறோமே, அதே பதங்கமாதல். எழுத்து துணியின் மேலே இல்லை, துணிக்குள்ளேயே இருக்கிறது. உரிவதற்கு அங்கே ஒன்றும் கிடையாது. பருத்தித் துணியில் இது பிடிக்காது, கறுப்புத் துணியில் தெரியாது என்பதையும் அவரே சொன்னார். தன் வேலையால் எது முடியாது என்று முதலிலேயே சொல்லும் கடைக்காரரை நான் நம்புவேன்.

பிரஸ் சூடேறுவதற்குள் அவருடைய அம்மா பால் விடாத சாயத்தண்ணி கொண்டுவந்து கொடுத்தார், உள்ளங்கையில் ஒரு துண்டு கருப்பட்டியோடு. ஈரானிலும் இப்படித்தான், சீனிக்கட்டியைப் பல்லில் கடித்துக்கொண்டு வெறும் தேத்தண்ணி குடிப்பார்கள் என்றேன். ஈரானுக்குத் தர வேண்டிய எண்ணெய்க் கடன் 251 மில்லியன் டொலரைத் தேயிலையாகவே கொடுத்துத் தீர்ப்பதென்று 2021இன் கடைசியில் நம் அரசாங்கம் ஒத்துக்கொண்டது பத்திரிகையில் வந்ததே. கொழுந்து பறித்து வளர்த்த குடும்பம் என்பதால் அந்தச் செய்தி எனக்கு மறக்கவில்லை.

அந்த அம்மாவுக்காகத்தான் தாயியின் கதையை முதலிலிருந்து சொன்னேன். பிறந்தது 1969 மார்ச்சில், அர்தபீல் என்ற ஊரில். ஈரானின் வடமேற்கில் சபலான் மலைக்குப் பக்கத்தில் இருக்கும் குளிர் ஊர். ஹட்டனைப் போலவே அதுவும் கடல் மட்டத்திலிருந்து 1,200 மீற்றருக்கு மேலே. அங்கிருந்து தெஹ்ரானுக்குப் போய் ஷரீப் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் உலோகவியல் பொறியியல் படித்தார். பந்தடித்தால் படிப்புக் கெட்டுவிடும் என்று என்னிடம் வரும் எல்லாப் பெற்றோரிடமும் நான் இதைத்தான் சொல்கிறேன். தேசிய அணிக்கு முதலில் ஆடியது 1993இல், இருபத்து நான்கு வயதில். இன்றைய கணக்கில் அது தாமதம்தான்.

1996 டிசம்பரில் டுபாயில் ஆசியக் கிண்ணக் காலிறுதி. எதிரணி தென்கொரியா. இடைவேளையில் ஈரான் பின்தங்கியிருந்தது. முடிவில் ஈரான் 6, கொரியா 2. அந்த ஆறில் நான்கு தாயியுடையது, நான்கும் இடைவேளைக்குப் பிறகு. அந்தத் தொடரில் மட்டும் எட்டு கோல். அடுத்த வருடம் மெல்போர்னில் அவுஸ்திரேலியாவுக்கு எதிராக இரண்டு கோல் பின்னால் நின்றபோது, கரீம் பாகெரி ஒன்றைப் போட, கொதாதாத் அசீசி போட்ட இரண்டாவதற்குப் பந்தை நீட்டிக் கொடுத்தது தாயி. அந்தச் சமநிலைதான் ஈரானை 1998 உலகக் கிண்ணத்துக்குக் கொண்டுபோனது. கோல் அடிக்கும் ஆள் என்றே அவரைப் பேசுகிறோம், அந்தப் பாஸை யாரும் பேசுவதில்லை. எனக்கு அது பெரிய குறை.

நான் அவரை முதலில் பார்த்தது அந்த உலகக் கிண்ணத்தில்தான். பதினாறு வயது. தோட்டத்து ஸ்டாஃப் கிளப்பின் ஜன்னலுக்கு வெளியே, பனியில், நாலைந்து பேர் போர்வை போர்த்திக்கொண்டு நின்றோம். லியோனில் ஈரானும் அமெரிக்காவும். ஈரானியர் எதிரணிக்கு வெள்ளைப் பூக்கள் கொடுத்தார்கள். பிறகு 2-1 என்று வென்றார்கள். தாயி அன்று கோல் அடிக்கவில்லை. ஆனால் உயரமான ஒருவன் முதுகால் தடுப்பாளரைத் தாங்கிக்கொண்டு, வரும் பந்தை எல்லாம் நெஞ்சிலும் தலையிலும் வாங்கி மற்றவர்களுக்கு இறக்கிக் கொடுத்ததைப் பார்த்தேன். மறுநாளிலிருந்து நானும் அப்படியே ஆட ஆரம்பித்தேன்.

ஜேர்மனியில் முதலில் பீலெஃபெல்ட், அப்புறம் பேயர்ன் மியூனிக். 1999இல் பேயர்ன் லீக்கை வென்றது. மன்செஸ்டர் யுனைட்டெடிடம் கடைசி நிமிடங்களில் கிண்ணத்தை இழந்த, பார்சிலோனாவில் நடந்த அந்தச் சம்பியன்ஸ் லீக் இறுதியாட்டத்தில் அவர் பதில் வீரர் வரிசையில் உட்கார்ந்திருந்தார், இறக்கவே இல்லை. சில மாதங்களிலேயே ஹெர்த்தா பெர்லினுக்குப் போய் சம்பியன்ஸ் லீக்கில் செல்சியை 2-1 என்று வென்றபோது இரண்டு கோலும் அவருடையது. ஆசியாவின் அந்த வருடச் சிறந்த வீரர் விருதும் அவருக்குத்தான்.

2003இல், ஹங்கேரியின் புஸ்காஷ் நாட்டுக்காக அடித்திருந்த 84 கோலைத் தாண்டினார். 2004 நவம்பரில் லாவோசுக்கு எதிராக நான்கு அடித்து நூறைக் கடந்தார். நான் “உலகத்திலேயே முதல் ஆள்” என்று சொன்னபோது, கூட வந்திருந்த மருமகள் திருத்தினாள்: “ஆம்பளைங்கள்ல முதல் ஆள்னு சொல்லுங்க மாமா. அமெரிக்காவோட மியா ஹாம் அதுக்கு முன்னாலயே நூறைத் தாண்டிட்டாங்க, மொத்தம் 158.” சரிதான். கனடாவின் கிறிஸ்டீன் சின்க்ளேயர் 190 வரை போயிருக்கிறார். அவள் சொன்ன பிறகு நான் அந்தச் சொல்லை விடாமல் சேர்த்துக்கொள்கிறேன்.

சின்ன அணிகளுக்கு எதிராக அடித்ததுதானே என்று தம்பி கேட்டார். எல்லாரும் கேட்பதுதான். மாலைதீவும் லாவோசும் அந்தக் கணக்கில் இருக்கின்றன, உண்மை. 1998, 2006 என்று இரண்டு உலகக் கிண்ணம் ஆடியும் ஒரு கோல் கூடக் கிடைக்கவில்லை, அதுவும் உண்மை. 2006இல் முப்பத்தேழு வயதில் அவர் இடத்தை விட்டிருக்கலாம் என்று நானும் நினைக்கிறேன். ஆனால் தகுதிச் சுற்று என்பது மழையிலும் வெயிலிலும் யாரும் பார்க்காத மைதானத்தில் ஆடுவது. அங்கே பதின்மூன்று வருடம் ஒருவர் தவறாமல் வந்து நின்றிருக்கிறார். கொரியாவுக்குப் போட்ட நான்கை எந்தக் கணக்கில் சேர்ப்பது?

ரொனால்டோ 109ஐத் தொட்டபோது தாயி பொறாமைப்படாமல் வாழ்த்தியதையும் சொன்னேன். விளையாட்டு உடை செய்யும் தொழிலைத் தன் பெயரில் நடத்தியதைச் சொன்னபோது தம்பி நிமிர்ந்து உட்கார்ந்தார். 2022இல் ஈரானில் போராட்டம் நடந்தபோது மக்கள் பக்கம் பேசியதற்காகத் தெஹ்ரானில் இருந்த அவருடைய நகைக் கடைக்கும் உணவகத்துக்கும் சீல் வைத்தார்கள். மனைவியும் மகளும் போன விமானத்தை வழியில் கீஷ் தீவில் இறக்கி, அவர்களை மேலே போகவிடவில்லை. “கடைக்கே சீல் வச்சாங்களா?” என்று அந்த அம்மா கேட்டார். தையல் இயந்திரம் கொஞ்ச நேரம் நின்றிருந்தது.

குறைகளையும் சொல்ல வேண்டும். வெள்ளிக்கிழமை என்று சொன்னார்கள், கிடைத்தது செவ்வாய்க்கிழமை. சடங்குக்கு முதல் நாள்! மின்வெட்டு காரணம் என்றார், இருக்கலாம், ஆனால் ஒரு போன் செய்து சொல்லியிருக்கலாம். கழுத்துப் பட்டி கொஞ்சம் இறுக்கம், தலையைப் போடும்போது பிடிக்கிறது. பெண் பிள்ளைகளுக்கென்று தனி அளவு கிடையாது. தோளில் சரியாக இருந்தால் இடுப்பில் தொளதொளவென்று நிற்கும். அந்த அம்மா பக்கத்தைப் பிடித்துத் தைத்துக் கொடுத்ததால் எங்களுக்குச் சரியானது, அதற்குக் காசும் வாங்கவில்லை. அளவு பார்க்க மறைவான இடம் இல்லை. மழை நாளில் படிக்கட்டு வழுக்கும், வயதானவர்களைக் கூட்டிப்போகாதீர்கள். விலை 1,850 ரூபாய். அந்தத் துணிக்கு அது நியாயம். பிறகு பாடசாலை அணிக்குப் பதினாறு ஜேர்சி கேட்டபோது ஒன்று 1,500க்கு இறங்கினார்.

துணி மெல்லியது. எங்கள் பக்கத்து மூடுபனியில் பருத்திச் சட்டை மூன்று நாள் காயாது. இது இரவு அடுப்படிக் கொடியில் போட்டால் காலையில் காய்ந்துவிடுகிறது.

சீர் தட்டில் சேலைக்குப் பக்கத்தில் முதுகுப் பக்கம் மேலே தெரிய மடித்து வைத்தோம். கண் மங்கிய எங்கள் பெரியம்மா குனிந்து எழுத்துக் கூட்டி வாசித்தார். “தாயி... ஆமா, எந்தாயிதான்” என்று பிள்ளையின் கன்னத்தைத் தடவினார். யாரும் திருத்தவில்லை.

இனிப் போகிறவர்களுக்கு: காலை பத்துக்குப் பிறகு போங்கள், மத்தியானம் சாப்பாட்டுக்கு மூடுகிறார்கள். பௌர்ணமிப் போயா விடுமுறைக்குக் கடை இல்லை. தேவைப்படும் நாளுக்கு ஒரு வாரம் முன்னால் திகதியைச் சொல்லுங்கள். போட வேண்டிய பெயரைத் தெளிவாக ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள், அது யாருடைய பெயர் என்று தம்பி கட்டாயம் கேட்பார்.