தாடியை எடுக்காதீங்க என்று யாராவது சொன்னால் முதலில் பணத்தைக் கேளுங்கள்

தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் கூத்து, நாடகம் ஆடிக்கொண்டு நடுவில் சினிமாவிலும் சீரியலிலும் தலைகாட்டுகிறவர்கள் இதைப் படித்துவிடுங்கள். "சென்னைக்கு அலைய வேண்டாம், நான் பார்த்துக்கிறேன்" என்று கிருஷ்ணகிரியில் உட்கார்ந்துகொண்டு ஒரு கோஆர்டினேட்டர் நடிக்க ஆள் பிடிக்கிறார். புகார் போலீஸில் இருப்பதால் பெயரை இங்கே போடவில்லை.

நான் பென்னாகரம் பக்கத்துக்காரன். இருபது வருஷமாகக் கூத்தில் கிருஷ்ணன் வேஷம் கட்டுகிறேன். ஏழெட்டுப் படம், மூன்று சீரியல் நடித்திருக்கிறேன். பஞ்சாயத்தில் துண்டை உதறிவிட்டு எழுந்து போகிற பெரியப்பா, போலீஸ் ஸ்டேஷனில் கைகட்டி நிற்கிற அப்பா, இந்த மாதிரி. ஒரு சீரியலில் தாய்மாமனாகக் கொஞ்ச நாள் ஓடியது. ஒரு திங்கட்கிழமை "மாமா சிங்கப்பூர் போயிட்டாரு" என்று ஒரே வசனத்தில் அனுப்பிவிட்டார்கள். அதெல்லாம் தொழிலில் சகஜம்.

போன மார்கழியில் இந்த ஆள் கூப்பிட்டார். ஒகேனக்கல்லில் ஷூட்டிங், பரிசல்காரர் வேஷம், ஹீரோயினுக்கு அப்பா. மொத்தம் 12 நாள், நாளுக்கு 4,000. தாடி வேண்டும் என்றார். முதல் ஷெட்யூலில் ஐந்து நாள் நடித்தேன். கைக்கு வந்தது 5,000. "மீதியை அடுத்த ஷெட்யூல்ல சேர்த்து வாங்கிக்கலாம்ணே. தாடியை மட்டும் தொட்டுடாதீங்க, கண்டின்யூட்டி போயிடும், முன்னாடி எடுத்த சீனோட முகம் ஒட்டாது."

பங்குனி பிறந்தால் எங்கள் பக்கம் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து. தாடி வைத்த கிருஷ்ணனை எங்கேயாவது பார்த்திருக்கிறீர்களா? அரிதாரம் எங்கே பூசுவது? வாத்தியார் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்னப்பா, நீ கிருஷ்ணனா துர்வாசரா?" என்றார். என் வேஷத்தை வேறொரு பையன் கட்டினான். மூன்று ஊரில் 22 ராத்திரி, ராத்திரிக்கு 1,500 வீதம் 33,000 போச்சு. கோஆர்டினேட்டருக்குப் போன் போட்டால் "அடுத்த வாரம்ணே" என்பார். மூன்று மாதமும் அடுத்த வாரம்தான்.

நடுவில் இன்னொன்று. நடிகர் சங்க உறுப்பினர் கார்டு இல்லாமல் அடுத்த ஷெட்யூலில் யூனிட்டுக்குள் விடமாட்டார்கள் என்று 15,000 கேட்டார். ஜிபேயில் போட்டேன். வேறு யாரோ பெண் பெயர் காட்டியது. அப்போதே நின்றிருக்க வேண்டும்.

வைகாசியில் மொரப்பூரில் ராத்திரி ரயிலேறி தி.நகர் போனேன். நடிகர் சங்க அலுவலகத்தில் விசாரித்தால் என் பெயரில் விண்ணப்பமே வரவில்லை. அப்படியே சாலிகிராமத்தில் அந்தப் படக் கம்பெனி மேனேஜரைப் பிடித்தேன். அவர் நிதானமாக ஒரு வவுச்சரை எடுத்துக் காட்டினார். ஐந்து நாள் சம்பளம் 20,000, என் பெயர், யாருடையதோ கையெழுத்து. அடுத்த ஷெட்யூல் ஒரு மாதத்துக்கு முன்பே முடிந்திருந்தது. பரிசல்காரர் ஆற்றோடு போய்விட்டதாகக் கதையை மாற்றிவிட்டார்களாம். செத்துப்போன ஆளுக்கு நான் தாடி வளர்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

அந்த மேனேஜர்தான் "வந்தது வந்தீங்க, டப்பிங்கை முடிச்சிட்டுப் போங்க" என்றார். நல்லவேளை, அங்கே புத்தி வந்தது. டப்பிங்தான் நம் கையில் இருக்கிற கடைசிப் பிடி, குரலைக் கொடுத்துவிட்டால் பாக்கியை யாரும் நினைவில் வைத்திருக்க மாட்டார்கள். பணம் வந்தால் பேசுகிறேன் என்றேன். கையெழுத்து என்னுடையது இல்லை என்பதால் அரை மனதாக 10,000 கொடுத்தார். எல்லோருக்கும் இது பலிக்காது, வேறு ஆளை வைத்துப் பேசி முடித்துவிடவும் செய்வார்கள்.

இனி நான் யூனிட் மேனேஜரின் நம்பர் கையில் இல்லாமல் பஸ் ஏறப்போவதில்லை. வவுச்சரில் என் கையால் எழுதிப் பணம் வாங்காமல் லொகேஷனை விட்டுக் கிளம்பப்போவதும் இல்லை. தாடியோ மீசையோ வைத்திருக்கச் சொன்னால், வைத்திருக்கிற மாதங்களுக்கும் ஒரு தொகை பேசிக்கொள்ளுங்கள். கேட்கக் கூச்சமாகத்தான் இருக்கும். கார்டு என்று யாராவது பணம் கேட்டால் நேரே சங்கத்துக்குப் போய் விசாரித்து, அங்கேயே கட்டி ரசீது வாங்குங்கள். அனுப்பித் தொலைத்துவிட்டால் அன்றைக்கே சைபர் மோசடிப் புகார் எண்ணான 1930க்குப் போன் அடியுங்கள். சீக்கிரம் சொன்னால் பணத்தை முடக்க வாய்ப்பு உண்டு. நான் அடித்தது இரண்டு மாதம் கழித்து.

போலீஸில் புகாரை வாங்கிக்கொண்டதற்கு சி.எஸ்.ஆர். ரசீது கொடுத்திருக்கிறார்கள், பணம் இன்னும் வரவில்லை. காவேரிப்பட்டணம், பாலக்கோடு பக்கம் இதே ஆளை நம்பி இன்னும் மூன்று பேர் தாடி வளர்ப்பதாகக் கேள்வி. தெரிந்தவர்களாக இருந்தால் இன்றைக்கே சவரக்கடைக்கு அனுப்பிவையுங்கள்.